நடக்காமல் போனதில் ஓடும் ஜெனரேட்டர்

இரவு ஒன்றரை மணி. ஊருக்கு வெளியே சுற்றிக்கொண்டு போகும் வட்டச் சாலை. பகலில் லாரிகள் முட்டி மோதும் இடம்தான்... ராத்திரியில் ஈ, காக்கை கிடையாது. அதில் ஒரு பழைய பைக். பின்சீட்டில் ரப்பர் கயிறு போட்டுக் கட்டிய தகர டூல்பெட்டி. பள்ளம் வரும்போதெல்லாம் உள்ளே ஸ்பேனர்கள் குலுங்கின. அதை விட்டால் வேறு சத்தம் இல்லை.

வண்டியை ஓட்டிக்கொண்டு போனவர் நம் கம்பெனி ஸ்டோர் கீப்பரின் தாய்மாமா.

ஆமாம், இன்றைக்கு லீவு போட்டிருக்கிறானே, அவனேதான். அவன் இங்கே இருந்தால் இதைச் சொல்ல விடமாட்டான். கரண்ட் வர நேரமாகும் என்று சொல்லிவிட்டார்கள். மிஷின் எல்லாம் நிற்கிறது, தூங்கினால் சூப்பர்வைசர் கத்துவார். வேறு என்ன செய்வது? பயந்தால் பக்கத்தில் இருப்பவன் கையைப் பிடித்துக்கொள்ளுங்கள், என் கையை வேண்டாம். பாத்ரூம் போகிறவர்கள் இப்போதே போய்விட்டு வாருங்கள், நடுவில் துணைக்குக் கூப்பிட்டால் யாரும் வரமாட்டோம். அந்த மெழுகுவத்தியை மட்டும் யாரும் ஊதிவிட வேண்டாம்.

மாமா ஜெனரேட்டர் மெக்கானிக். தொழில் வட்டாரத்தில் அவருக்குக் 'காது மாமா' என்று பெயர். இஞ்சின் ஓடும் சத்தத்தைப் போனில் கேட்டே எங்கே கோளாறு என்று சொல்லிவிடுவார். அவர் போய்ப் பிரித்துப் பார்த்தால் சொன்ன இடத்திலேயே இருக்கும். அப்படி ஒரு காது. அந்தக் காதுதான் கடைசியில் அவருக்கு எமனாக வந்தது. சொல்கிறேன், அவசரப்படாதீர்கள்.

மாமாவுக்கு ஒரே பையன். படிப்பு ஏறவில்லை. தொழிலாவது கற்றுக்கொள்ளட்டும் என்று கூடவே வைத்துக்கொண்டார். ஒருநாள் ஒரு பெரிய ஜெனரேட்டருக்கு சர்வீஸ். பையன் பழைய ஆயிலை வடித்துவிட்டான், புது ஆயிலை ஊற்றப் போகும்போது யாரோ கூப்பிட்டார்கள். பேசிவிட்டு வந்தான். ஊற்றியாகிவிட்டது என்ற நினைப்பிலேயே ஸ்டார்ட் பண்ணிவிட்டான். ஆயில் இல்லாத இஞ்சின் எவ்வளவு நேரம் ஓடும்? கிறீச்சென்று ஒரு சத்தம், அப்படியே இறுகிப் போனது. நாலு பேர் பார்க்க மாமா அவன் கன்னத்தில் ஓர் அறை விட்டார். அறையோடு நிறுத்தியிருந்தால் தேவலை. "இனிமே என் மூஞ்சியில முழிக்காதே" என்றும் சொன்னார்.

பையன் சொன்ன பேச்சைக் கேட்கிற பையன். முழிக்கவில்லை. அன்று சாயங்காலமே போய்விட்டான். இரண்டு வருஷம் ஓடிவிட்டது.

அன்றிலிருந்து அத்தை, அதாவது மாமாவின் வீட்டுக்காரம்மா, வாசல் கதவுக்குத் தாழ்ப்பாள் போட்டதே இல்லை. காற்றுக்குத் திறந்துகொள்ளாமல் இருக்க உள்பக்கம் ஒரு சின்னக் கல்லை அண்டக்கொடுத்து வைப்பார். வெளியிலிருந்து லேசாகத் தள்ளினால் கல் நகர்ந்து கதவு திறந்துவிடும். அந்தக் கல்லுக்குப் பக்கத்திலேயே பாயைப் போட்டுப் படுப்பார். படுப்பதுதான், தூக்கம் கிடையாது. கல் நகர்கிற சத்தத்துக்காகக் காத்துக்கொண்டு கிடப்பார். உள்ளறையில் மாமாவும் அதே சத்தத்துக்காகத்தான் கிடப்பார். இரண்டு பேரும் ஒருவருக்கொருவர் அதைச் சொல்லிக்கொண்டதில்லை.

எதிர் வீட்டு மாடியில் ஒரு தையல்காரர். பையனுக்குச் சின்ன வயதிலிருந்து யூனிபார்ம் தைத்தவர். பையனுக்கு இடது தோள் கொஞ்சம் இறக்கம். மற்றவர்களுக்குத் தெரியாது, தையல்காரருக்குத் தெரியும். ஒவ்வொரு சட்டைக்கும் அந்தப் பக்கம் ஒரு விரல் இறக்கித்தான் வெட்டுவார். போன வருஷம் ஒருநாள் பையன் அவருக்குப் போன் பண்ணியிருக்கிறான். எங்கே இருக்கிறான் என்று சொல்லவில்லை. "அம்மா எப்படி இருக்காங்க?" என்று மட்டும் கேட்டான். தையல்காரர் அத்தை சொல்லி வைத்திருந்ததை ஒரு எழுத்து மாறாமல் ஒப்பித்தார். "உங்கம்மா கதவுக்குத் தாழ்ப்பாளே போடறதில்லைப்பா. எந்த நேரத்துல வந்தாலும் தட்ட வேண்டாமாம். தள்ளினாப் போதுமாம்."

பையன் ஒன்றும் பேசவில்லை. ஆனால் போனை உடனே வைக்கவும் இல்லையாம். அந்த ஒரு விஷயத்தை வைத்துக்கொண்டுதான் அந்த வீடு உயிரோடு இருந்தது.

அதனால்தான் மாமா ராத்திரி வேலை எது வந்தாலும் மறுப்பதில்லை. வீட்டில் படுத்துக் காதைத் தீட்டிக்கொண்டு கிடப்பதற்கு, வெளியே போய் ஸ்பேனர் பிடிப்பது எவ்வளவோ மேல். அன்றும் அப்படித்தான். போனில் ஒரு பெண்குரல். "மிஷின் விட்டு விட்டு ஓடுதுண்ணே. நின்னுடும் போல இருக்கு. கொஞ்சம் வந்துட்டுப் போயிடுங்க." பின்னால் இஞ்சின் சத்தம் கேட்டது. டுக்... டுக்... கொஞ்சம் இடைவெளி... டுக். மாமாவுக்கு உடனே தெரிந்துவிட்டது. டீசல் லைனில் காற்று புகுந்திருக்கிறது. அரைமணி வேலை.

"இந்தக் கல்லை நான் போனப்புறம் மறக்காம வச்சிடு" என்று அத்தையிடம் சொல்லிவிட்டுத்தான் கிளம்பினார்.

சாலையின் கடைசியில் ஒரு பல்பு எரிந்தது. ஒரே ஒரு மஞ்சள் பல்பு, கேட்டுக்கு மேலே. அவ்வளவு இருட்டில் அதைப் பார்த்ததும் மாமாவுக்கு மனசு லேசானது என்று பிற்பாடு சொன்னார். பல்பு இஞ்சினோடு சேர்ந்து துடித்தது. டுக் என்றால் பிரகாசம்... விட்டால் மங்கல்.

கேட்டில் ஓர் அம்மா நின்றிருந்தார். நரைத்த தலை, தோளில் ஒரு துண்டு, கையில் டார்ச். ராத்திரிக் காவலுக்கு இருக்கிறவர் போல. பேய் மாதிரி இருந்தாரா என்று கேட்காதீர்கள். முட்டிவலியால் நொண்டிக்கொண்டு நடந்தார், பேய்க்கு ஏது முட்டிவலி.

"வாங்கண்ணே. நல்லவேளை வந்தீங்க. இது அணைஞ்சதுன்னா திரும்பப் பத்த வைக்கிறது ரொம்பக் கஷ்டம்."

பின்கட்டில் ஒரு ஷெட். உள்ளே போனதும் மாமா மூக்கை உறிஞ்சினார். டீசல் வாசனையே இல்லை. மழை வரப்போகிறது என்று ஏமாற்றுமே ஒரு மண்வாசனை... அதுதான் அடித்தது. வெளியே வானத்தில் ஒரு மேகம்கூட இல்லை. இஞ்சின் பழைய காலத்து ஒற்றை சிலிண்டர். புகைக்குழாயில் கையை வைத்துப் பார்த்தார். ஓடுகிற இஞ்சினின் புகைக்குழாய்... ஜில்லென்று இருந்தது.

"என்னம்மா ஊத்துறீங்க இதுக்கு?"

"ஒண்ணும் ஊத்துறதில்லண்ணே. இது நடக்காமப் போனதுல ஓடுது."

"எதுல?"

"நடந்திருக்கலாம், நடக்கலை... அப்படி எத்தனை இருக்கு. நின்னுபோன கல்யாணம், கிடைக்காத வேலை, பிறக்காத பிள்ளை. நடக்கும் நடக்கும்னு மனுஷங்க ஆசையா வச்சிருந்ததெல்லாம் எங்கே போகும்? சும்மா வீணாத்தானே போகுது. யாரோ ஒரு கெட்டிக்காரன் அதைப் பிடிச்சு எரிக்கிறதுக்கு ஒரு மிஷின் பண்ணிட்டான். முன்னாடி நிறைய வரும். இப்ப வரத்து குறைஞ்சுபோச்சு. ஜனங்க எதையும் எதிர்பார்க்கிறதில்லை போல."

நடு ராத்திரியில் தனியாக இருக்கிறவர்கள் என்னென்னமோ பேசுவார்கள், நமக்கெதற்கு வம்பு என்று மாமா டூல்பெட்டியைத் திறந்தார். "டேங்க் எங்கம்மா?" என்று மட்டும் கேட்டார். அந்த அம்மா சுவரில் இருந்த ஒரு சின்ன இரும்புக் கதவைக் காட்டினார். அதன் அடியிலிருந்துதான் டியூப் வந்தது. "அங்கே நீங்க போக வேண்டியதில்லண்ணே. நான் குடிக்கத் தண்ணி எடுத்துட்டு வர்றேன்."

அவர் போனார். நொண்டி நொண்டி... மெதுவாக.

மாமா தன் டார்ச்சைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு டியூபைப் பார்த்தார். நினைத்தது சரி. கண்ணாடி மாதிரித் தெரியும் டியூபில் அங்கங்கே காற்றுக் குமிழி. நடுவில் ஏதோ ஒன்று, நிறமே இல்லாமல், ஊர்ந்து வந்து வந்து நின்றது. லைனைக் கழற்றினார். டுக்... என்றது இஞ்சின். நின்றது. வாசல் பல்பு அணைந்து வெளியே கும்மிருட்டானது.

இப்போது டீசல் மெக்கானிக் ஒவ்வொருவனும் செய்கிற ஒரு காரியம் இருக்கிறது. காற்று அடைத்த லைனுக்குப் பம்ப் அடித்துக்கொண்டு நிற்க மாட்டான். டியூபின் முனையை வாயில் வைத்து ஓர் உறிஞ்சு உறிஞ்சுவான். டீசல் இழுத்துக்கொண்டு வரும். வாயில் பட்டதும் துப்பிவிட்டு டியூபை மாட்டிவிடுவான். முப்பது வருஷப் பழக்கம். யோசிக்கவே வேண்டாம், கை தானாகப் போகும்.

மாமாவின் கை போனது. டியூபை வாயில் வைத்து உறிஞ்சினார்.

வாயில் வந்தது டீசல் இல்லை.

அதற்கு ருசி இல்லை. வாசனைதான் இருந்தது. வெயிலில் ஆடிவிட்டு வந்த சின்னப் பையனின் தலை வாசனை. வியர்வையும் தேங்காயெண்ணெயும் புழுதியும் கலந்து... தன் பையனின் தலை. ஐந்து வயதில் வேலை முடிந்து வரும் அப்பாவின் மடியில் வந்து முட்டுவானே, அந்தத் தலை. மாமாவுக்குக் கண் கலங்கிவிட்டது. துப்ப வேண்டும் என்று தோன்றவில்லை. விழுங்கிவிட்டார். அதே நேரம் நெஞ்சிலிருந்து ஏதோ ஒன்று மெல்லிய நூலைப் போலக் கிளம்பித் தொண்டை வழியாக டியூபுக்குள் போவதையும் உணர்ந்தார். வலி இல்லை. கொட்டாவி விட்ட மாதிரி இருந்தது.

டியூபை மாட்டினார். கைப்பிடியைப் போட்டு ஒரு சுற்றுதான் சுற்றினார். இஞ்சின் பிடித்துக்கொண்டது. டுக் டுக் டுக் டுக்... ஒரு பிசிறு இல்லை. அப்படி ஓர் ஓட்டத்தை அவர் வாழ்நாளில் கேட்டதில்லை. வாசல் பல்பு பளீரென்று எரிந்து, கேட்டும் சாலையும் தெரிந்தன. ஒரு நிமிஷம் இடுப்பில் கைவைத்துக்கொண்டு, வேலை தெரிந்தவன் பெருமையோடு அதைக் கேட்டுக்கொண்டு நின்றார். பாவம்.

அந்த ஓட்டத்துக்கு அடியில் இன்னொரு சத்தம் இருந்தது. வேறு யாருக்கும் கேட்டிருக்காது. இரும்புக் கதவுக்குப் பின்னாலிருந்து... சிமெண்ட் தரையில் ஒரு சின்னக் கல் நகர்கிற சத்தம்.

மாமா கதவைத் திறந்தார்.

உள்ளே டேங்க் இல்லை. ஒரு தெரு இருந்தது. சாயங்காலம் போல ஒரு வெளிச்சம், ஆனால் யாருக்கும் நிழல் இல்லை. கால் வைத்தால் மெத்தையில் வைத்த மாதிரி அமுங்கியது. தூக்கத்தில் நடப்போமே, அப்படி நடந்தார். ஒரு கடையில் ஷட்டர் பாதி ஏறியிருந்தது, புது பெயிண்ட் வாசனை, ஒருவன் ஏணியில் நின்று போர்டு எழுதிக்கொண்டிருந்தான். ஒரு பெண் வெள்ளைக் கோட்டோடு, கழுத்தில் ஸ்டெதாஸ்கோப்போடு ஏதோ பஸ்ஸுக்கு ஓடினாள். ஒரு கிழவர் காலியான தொட்டிலை ஆட்டிக்கொண்டிருந்தார், உள்ளே பார்த்துப் பார்த்துச் சிரித்தார். யார் வாயிலும் சத்தமில்லை. எல்லார் முகத்திலும் நல்ல சேதி கேட்கப் போகிறவர்களின் களை.

டுக் என்றது இஞ்சின். ஏணியில் இருந்தவன் இல்லை. ஏணியும் இல்லை.

டுக். வெள்ளைக் கோட்டு இல்லை.

பல்பை அணைக்கிற மாதிரிதான். கத்தல் இல்லை, கதறல் இல்லை. இருந்தார்கள்... இல்லை. ஆனால் அவர்கள் கடைசிக் கொஞ்சம் பேர். டேங்கின் அடியில் தங்கிய பழைய எரிபொருள் மாதிரி. தெரு காலியானது. அதற்கு அப்புறம்தான் மாமா தன் வீட்டைப் பார்த்தார்.

தெருவின் கோடியில் அவர் வீடேதான். அதே கதவு. கதவுக்கு முன்னால் ஒரு வரிசை. டிக்கெட் கவுண்டரில் நிற்கிற மாதிரி, ஒருவர் பின்னால் ஒருவராக, பொறுமையாக. எல்லாருக்கும் இடது தோள் ஒரு விரல் இறக்கம்.

எல்லாரும் அவர் பையன்.

ஒருவன் காக்கிச் சட்டை போட்ட டிரைவர். ஒருவன் கையில் கட்டுப் போட்டு இளைத்துப் போயிருந்தான். ஒருவன் இடுப்பில் ஒரு பெண் குழந்தை. ஒருவன் குடித்திருந்தான். ஒருவன் இரண்டு கையிலும் பை நிறைய என்னென்னவோ வாங்கி வந்திருந்தான். ஒருவன் போனபோது போட்டிருந்த அதே கிரீஸ் சட்டையில், கன்னம் இன்னும் சிவந்திருக்க, அப்படியே நின்றான். அவன் திரும்பி வரக்கூடிய விதமெல்லாம் அங்கே நின்றன. கண்ணுக்கு எட்டிய வரைக்கும்.

வரிசையில் முதல் ஆள் செருப்பைக் கழற்றினான். கதவைத் தள்ளக் கையைத் தூக்கினான்.

டுக்.

அடுத்தவன் முன்னால் வந்தான். செருப்பைக் கழற்றினான். கையைத் தூக்கினான்.

டுக்.

"டேய்! நிக்காதடா! வரிசையை விட்டு ஓடுடா!" என்று மாமா கத்தினார். எவனும் திரும்பவில்லை. மெத்தை மாதிரித் தரையில் விழுந்து எழுந்து ஷெட்டுக்கு ஓடி வந்தார். நிறுத்துகிற லீவரை இழுத்தார். இஞ்சின் நிற்கவில்லை. அழுக்குத் துணியைச் சுருட்டிக் காற்றுப் போகிற வாயில் அடைத்தார். எந்த டீசல் இஞ்சினும் அதற்கு மூச்சுத் திணறி நின்றுவிடும். இது துணியை இழுக்கக்கூட இல்லை. அதற்குக் காற்றே வேண்டாம். கடைசியில் டியூபைக் கத்தியால் வெட்டிப் போட்டார். வெட்டிய இரண்டு துண்டும் தரையில் கிடந்தன. டுக் டுக் டுக் டுக்.

வாசலில் அந்த அம்மா தண்ணீர்ச் சொம்போடு நின்றிருந்தார்.

"வாய் வச்சுட்டீங்களாண்ணே?"

மாமா அழுதுகொண்டே தலையாட்டினார்.

"வர்ற மெக்கானிக் எல்லாரும் அப்படித்தான் பண்றாங்க" என்று அந்த அம்மா சொம்பை நீட்டினார். குரலில் வருத்தம் இருந்தது. ஆச்சரியம் மட்டும் இல்லை.

இரும்புக் கதவை மறுபடி திறந்தபோது உள்ளே ஒரு விளக்குமாறும் ஒரு காலி டப்பாவும்தான் இருந்தன. மாமா டூல்பெட்டியை அங்கேயே போட்டுவிட்டு வண்டியை எடுத்தார். வட்டச் சாலை முழுக்க அந்தச் சத்தம் கூடவே வந்தது. நெஞ்சு அடிக்கிறதா இஞ்சின் அடிக்கிறதா என்று அந்தக் காதுக்கே புரியவில்லை.

வீடு வரும்போது லேசாக வெளுத்திருந்தது. கதவைத் தள்ளினார்.

திறக்கவில்லை.

மறுபடி தள்ளினார். உள்ளே இரும்பு இரும்போடு இடித்தது. இரண்டு வருஷமாக அந்த வீட்டில் கேட்காத சத்தம். தட்டு தட்டென்று தட்டினார். ரொம்ப நேரம் கழித்து அத்தை வந்து திறந்தார். கண் வீங்கித் தூக்கக் கலக்கத்தில் இருந்தார். கன்னத்தில் பாயின் கோடு பதிந்திருந்தது.

"தாழ்ப்பாள் போட்டியா?"

"ஆமாங்க. தெரியலை... நல்லாத்தான் முழிச்சுக்கிட்டிருந்தேன். திடீர்னு அப்படி ஒரு தூக்கம் வந்துச்சு. கதவு சும்மா சாத்திக் கிடக்கேன்னு தோணுச்சு. எழுந்து போட்டுட்டுப் படுத்துட்டேன்." அத்தை சோம்பல் முறித்தார். "யாரு வரப்போறாங்க?"

அதைச் சொன்ன முகத்தில் துக்கமே இல்லை என்பதுதான் மாமாவுக்குத் தாங்கவில்லை. அந்தக் கல்லை எடுத்து ஓரமாக, செடித் தொட்டிக்குப் பக்கத்தில் வைத்திருந்தார்.

மாமா அங்கேயே வாசற்படியில் உட்கார்ந்துவிட்டார். அப்போது எதிர் மாடியிலிருந்து தையல்காரர் இறங்கி வந்தார். கழுத்தில் அளவு நாடா தொங்கியது. ராத்திரி முழுக்கத் தைத்திருக்கிறார். முகம் கடுகடுவென்று இருந்தது.

"உங்களுக்கு மனசா, கல்லா?" என்றார்.

மாமா நிமிர்ந்து பார்த்தார்.

"ராத்திரி உங்க பையன் வந்தான். மாடியிலேருந்து பார்த்தேன். முகம் தெரியலை, தோளைப் பார்த்ததும் தெரிஞ்சுபோச்சு. ஆள் நல்லா விரிஞ்சிருக்கான், பழைய அளவு பத்தாது. செருப்பைக் கழட்டிட்டுக் கதவைத் தள்ளினான். திறக்கலை. இன்னொரு தடவை தள்ளினான். அப்படியே நின்னான். நான் ஓடி இறங்கி வர்றதுக்குள்ள தெருமுனைக்குப் போயிட்டான். 'தட்டுடா, நான் தட்டுறேண்டா'ன்னேன். கையைப் பிடிச்சுக்கிட்டான். 'வேண்டாம், அம்மாவை எழுப்பாதீங்க. அப்பா தாழ்ப்பாள் போட்டுட்டாரு, பரவாயில்லை'ன்னான்." தையல்காரருக்கு மூச்சு வாங்கியது. "தள்ளினாப் போதும்னு என் வாயாலதானய்யா அவன்கிட்டச் சொன்னேன்... நான் சொன்னதை நம்பி வந்தான்."

மாமா எழுந்து பஸ் ஸ்டாண்டுக்கு ஓடினார், ரயில் ஸ்டேஷனுக்கு ஓடினார், சாயங்காலம் வரைக்கும் இறங்கிய தோளாகத் தேடினார். உலகத்தில் எல்லாருக்கும் தோள் நேராகத்தான் இருந்தது.

அன்று ராத்திரியே ஸ்குரூ டிரைவரை எடுத்துத் தாழ்ப்பாளைக் கழற்றினார். ஸ்குரூ ஓட்டைகளை மரத்தூளும் பசையும் வைத்து அடைத்தார். தாழ்ப்பாளைச் சாக்கடையில் எறிந்தார். அத்தை பார்த்துக்கொண்டு இருந்துவிட்டு, "எதுக்குங்க இந்த வேலை?" என்று மட்டும் கேட்டுவிட்டுப் படுத்தார். படுத்ததும் தூங்கிவிட்டார்.

அதற்கப்புறம் அத்தை தினமும் தூங்கினார். முகம் தெளிந்தது, உடம்பு தேறியது. பையன் பேச்சை எடுப்பதே இல்லை. சொந்தக்காரர்கள் எல்லாரும், எப்படியோ மனசைத் தேற்றிக்கொண்டாளே என்று சந்தோஷப்பட்டார்கள். வீட்டில் காத்துக்கொண்டிருக்கிற ஆள் இப்போது மாமா ஒருவர்தான்.

அந்த இடத்துக்கு மறுபடியும் போனார். போய்ப் பார்த்தால் அங்கே ஒன்றுமே இல்லை, வெறும் பொட்டல் என்று சொல்வேன் என்றுதானே எதிர்பார்க்கிறீர்கள்? எல்லாம் இருந்தது. கேட் இருந்தது, ஷெட் இருந்தது, இஞ்சின் பிசிறில்லாமல் ஓடிக்கொண்டிருந்தது. அந்த அம்மா துணி காயப்போட்டுக்கொண்டிருந்தார். பட்டப்பகலில் வாசல் பல்பு எரிந்துகொண்டிருந்தது.

"இந்தக் கரண்ட் எங்கம்மா போகுது?" என்று மாமா கேட்டார். கம்பி எதுவும் வெளியே போகவில்லை என்பதை அப்போதுதான் கவனித்தார்.

"எங்கேயும் போகலண்ணே. இந்த பல்புக்குத்தான்."

"இதுக்கா? என் பிள்ளையை எடுத்து... இந்த ஒரு பல்புக்கா?"

"ராத்திரியில வர்றவங்களுக்கு வழி தெரியணுமில்ல."

"யாரும்மா வர்றாங்க இங்க?"

"நீங்க வந்தீங்களே" என்றார் அந்த அம்மா.

மாமா அவர் காலில் விழுந்தார். என்னை எடுத்துக்கொள், இதை நிறுத்து என்றார். அந்த அம்மா பதறிப்போய்த் தூக்கினார். "என் கையில என்ன இருக்கு? நான் வாசலைப் பார்த்துக்கிறவ. அது தீர்ந்தா தானா நிக்கும்."

"எப்பத் தீரும்?"

"நீங்க எதிர்பார்க்கிற வரைக்கும் ஓடும். அவன் வரமாட்டான்னு நீங்க மனசார விட்டுட்டா, அன்னைக்கே நின்னுடும்."

யோசித்துப் பாருங்கள். எந்த அப்பனால் முடியும்? முயற்சி பண்ணித்தான் பார்த்தார். வரமாட்டான், வரமாட்டான் என்று சொல்லிக்கொண்டே படுப்பார். சொல்லும்போதே காது வாசல் பக்கம் போய்விடும். நினைக்க நினைக்க அது ஓடும். அப்படியே விட்டுவிட்டால் மட்டும்? மிஷின் நிற்கும், அவ்வளவுதான். வருகிறதற்கு அங்கே யார் மிச்சம் இருப்பான்?

நம் ஸ்டோர் கீப்பர் போன மாதம் ஒருநாள் மாமா வீட்டில் தங்கினான். அதற்கப்புறம்தான் அவன் ராத்திரி ஷிப்ட்டாகக் கேட்டு வாங்குகிறான், நீங்கள் கவனித்தீர்களோ என்னமோ. மாமாவின் காது அவனுக்குக் கிடையாது, சாதாரணக் காதுதான். அத்தை குறட்டை விட்டுத் தூங்கிக்கொண்டிருந்தார். இவன் மாமாவுக்குப் பக்கத்தில் பாயில் படுத்திருந்தான். படுக்கும்போது கதவை அவனே பார்த்தான். வெறும் கதவு. தாழ்ப்பாள் இருந்த இடத்தில் பசை வைத்து அடைத்த நாலு புள்ளி.

நடு ராத்திரிக்கு மேல் இருக்கும். வெளியே ரொம்ப தூரத்தில் ஏதோ இஞ்சின் ஓடுகிற மாதிரி இருந்தது. டுக் டுக் டுக் டுக்...

பிறகு கதவில், உள்பக்கம்... தாழ்ப்பாள் விழும் சத்தம். டக்.

இவனுக்கு எழுந்திருக்க வரவில்லை. வெளியே வாசற்படியில் யாரோ செருப்பைக் கழற்றினார்கள். முதலில் ஒன்று, அப்புறம் இன்னொன்று. கதவு உள்பக்கமாக ஒரு நூல் அசைந்தது. இரும்பு இரும்போடு இடித்தது. கொஞ்ச நேரம் ஒன்றுமில்லை. இன்னொரு தடவை அசைந்தது. செருப்பை மாட்டிக்கொள்ளும் சத்தம். நடந்து போகிற சத்தம்.

"மாமா..." என்று இவன் அவரைத் தொட்டான்.

மாமா தூங்கவில்லை. சுவரைப் பார்த்துத் திரும்பிப் படுத்திருந்தார். திரும்பாமலேயே சொன்னார்.

"தினமும் வந்துட்டுத்தான் போறான். நீ படு."